கலீஜ், பேஜார், இஸ்தான்புல்: துருக்கி இலக்கியம் நம்மகிட்ட வந்து சேர்ந்த வழி

இன்னைக்கு எபிசோடை ரெண்டு வார்த்தையில இருந்து ஆரம்பிக்கிறேன். ஒன்னு கலீஜ், இன்னொன்னு பேஜார்.

திருவொற்றியூர், காசிமேடு, ராயபுரம் பக்கம் வளர்ந்தவங்களுக்கு இந்த ரெண்டுக்கும் அர்த்தம் சொல்லத் தேவையில்லை. குப்பை வாரம் முழுக்க அள்ளாம கிடந்தா தெருவே கலீஜ். ராத்திரி கரண்ட் போய் மூணு மணி நேரமா வரலைன்னா பேஜார். சினிமாவுல கிண்டலுக்குப் பயன்படுத்துற 'மெட்ராஸ் பாஷை' இது.

இப்போ ஒரு துருக்கி அகராதியைத் திறங்க. அங்கே 'காலிஸ்' என்று ஒரு சொல் இருக்கு. அழுக்கான, ஆபாசமான என்று பொருள். 'பீஸார்' என்று இன்னொரு சொல் இருக்கு. சலித்துப்போன, வெறுத்துப்போன என்று பொருள். இது தற்செயல் இல்லை. முதல் சொல் அரபியில் பிறந்தது, இரண்டாவது பாரசீகத்தில். உருது, தக்கினி வழியா அவை நம்ம தெருவுக்கு வந்தன. உஸ்மானிய அரசவை வழியா இஸ்தான்புல்லுக்குப் போயின. காகிதம், கஜானா, மைதானம், வக்கீல், பாக்கி எல்லாத்துக்கும் அந்த ஊரில் சொந்தக்காரங்க உண்டு. காகிதத்தை அவங்க 'கியாவுத்' என்பாங்க, கஜானாவை 'ஹஸினெ' என்பாங்க.

அதாவது, துருக்கிக்கும் நமக்கும் நடுவுல ஒரு பழைய நிலவழி இருக்கு. ஆனா துருக்கி நாவல்கள் அந்த வழியா நம்மகிட்ட வரலை. லண்டன், நியூயார்க் சுத்தி, ஆங்கிலத்துல ஏறித்தான் வந்தன. அந்தச் சுற்றுப்பயணத்துல என்ன தொலைஞ்சது, தொலைஞ்சதுல எதை நாம திரும்ப எடுக்கலாம்? இன்னைக்குப் பேசப்போறது அதைத்தான்.

முதல்ல வந்தது அரசியல்

தமிழர்களுக்குத் துருக்கி அறிமுகமானது இலக்கியத்தால் இல்லை. முதல் உலகப் போருக்குப் பிறகு கிலாபத் இயக்கம் இந்தியா முழுக்கப் பரவியபோது, துருக்கி இங்கே தினசரிச் செய்தி. அடுத்து முஸ்தபா கமால். வெ. சாமிநாத சர்மா 'கமால் அத்தாதுர்க்' என்று தமிழில் ஒரு வாழ்க்கை வரலாறே எழுதினார். பெரியார் தன்னுடைய ஐரோப்பியப் பயணத்தில் 1932-ல் துருக்கிக்குப் போனார்.

அந்த வருஷத்தைக் கொஞ்சம் கவனிங்க. அதுக்கு நாலு வருஷம் முன்னாடி, 1928 நவம்பரில், துருக்கி தன் எழுத்தையே மாத்திடுச்சு. அதுவரை அரபு எழுத்தில் எழுதிய மொழி, சட்டம் போட்டு லத்தீன் எழுத்துக்கு மாறியது. 1932-ல் மொழிச் சங்கம் ஒன்று அமைத்து, அரபி, பாரசீகச் சொற்களைக் களையெடுக்கத் தொடங்கினார்கள். நமக்கு இது புதுசா கேக்குதா? 1916-ல் மறைமலையடிகள் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கினார். 1935-ல் பெரியார் 'குடி அரசு' இதழில் எழுத்துச் சீர்திருத்தத்தை நடைமுறைக்குக் கொண்டுவந்தார். தமிழ்நாடு அரசு அதை ஏற்றது 1978-ல்.

ஆனா துருக்கியில் நடந்ததன் அளவு வேற. கமால் 1927-ல் ஆறு நாள், மொத்தம் 36 மணி நேரம் ஒரு உரை நிகழ்த்தினார். 'நுதுக்' என்று அதுக்குப் பேர். சில பத்தாண்டுகளிலேயே அந்த உரையைத் துருக்கி இளைஞர்களுக்காகத் துருக்கியிலிருந்தே துருக்கிக்கு மாத்தி எழுத வேண்டியிருந்தது. தாத்தாவோட கடிதத்தைப் பேரனால வாசிக்க முடியாது, ஏன்னா எழுத்தே வேற. வாசிச்சுக் காட்டினாலும் பாதி புரியாது, ஏன்னா சொற்களும் போயிடுச்சு. துருக்கி இலக்கியத்தை எடுக்கிற எந்த மொழிபெயர்ப்பாளரும் முதல்ல இந்தப் பள்ளத்தைத் தாண்டணும்.

ஆங்கிலத்தில் ஏறின கதை

1961-ல் யாஷார் கெமாலின் முதல் 'மெமெது' நாவல் ஆங்கிலத்தில் வந்தது. அவருடைய பிற்காலப் புத்தகங்கள் பலவற்றை மொழிபெயர்த்தவர் அவர் மனைவி தில்தா. சபாஹத்தின் அலி 1943-ல் வெளியிட்ட 'ஃபர் கோட் அணிந்த மடோன்னா' ஆங்கிலத்துக்கு வந்தது 2016-ல். 73 வருஷம்! துருக்கியில் ஒவ்வொரு காலேஜ் பையிலும் இருக்கிற புத்தகம் அது.

பெரிய கதவைத் திறந்தவர் ஓரான் பாமுக். அவருக்கு நோபல் பரிசு 2006-ல் கிடைத்தது. அதுக்குள்ள அவரை ஆங்கிலத்துக்குக் கொண்டுவர நாலு பேர் உழைச்சிருந்தாங்க. 1990-ல் 'வெள்ளைக் கோட்டை'யை விக்டோரியா ஹோல்புருக். 1994-ல் 'கறுப்புப் புத்தகம்', அதன் பிறகு 'புதிய வாழ்க்கை' இரண்டையும் கூனெலி கூன். 2001-ல் 'என் பெயர் சிவப்பு' நாவலை எர்தாக் கோக்னர். 2004-ல் 'பனி', 2005-ல் 'இஸ்தான்புல்' இரண்டையும் மொரீன் ஃப்ரீலி.

இதுல ஒரு சண்டை இருக்கு. கூனெலி கூன் அமெரிக்காவில் வாழ்ந்த துருக்கிக்காரர். அவருடைய ஆங்கிலத்தில் அமெரிக்க வாடை அடிக்குதுன்னு சில பிரிட்டிஷ் விமர்சகர்கள் குறை சொன்னாங்க. கடைசியில் 'கறுப்புப் புத்தகம்' 2006-ல் ஃப்ரீலியின் கையால் இரண்டாவது முறை ஆங்கிலத்தில் வந்தது. ஒரே துருக்கி நாவல், பன்னிரண்டு வருஷ இடைவெளியில் ரெண்டு ஆங்கிலப் புத்தகம். இந்தச் சண்டை முழுக்க ஒரு கேள்வியைச் சுற்றித்தான்: லண்டன் வாசகரின் காதுக்கு எது உறுத்தாம இருக்கும்? அந்த ஆங்கிலத்தையே நம்பி வாசிக்கப்போற சென்னை வாசகர் அந்த மேசையில் இல்லவே இல்லை.

ஆனா அவங்க தீர்ப்பு நம்ம கைக்கும் வந்தது. பாமுக்கைத் தமிழுக்குக் கொண்டுவந்தவர் ஜி. குப்புசாமி. 'என் பெயர் சிவப்பு', 'பனி', 'இஸ்தான்புல்' எல்லாம் அவர் மொழிபெயர்ப்பில் காலச்சுவடு வெளியீடாக வந்தன. அவர் மொழிபெயர்த்தது ஆங்கிலத்திலிருந்து. அதாவது ஆங்கில மொழிபெயர்ப்பாளர் எடுத்த ஒவ்வொரு முடிவும் தமிழ் மொழிபெயர்ப்பாளருக்குக் கையில் கிடைத்த கச்சாப்பொருள். அதுல சில முடிவுகள் நம்மளை நேரடியாப் பாதிக்கும்.

நீயா, நீங்களா?

துருக்கியில் 'சென்' என்றால் நீ. 'சிஸ்' என்றால் நீங்கள். மனைவி கணவனை எப்போ 'சென்' என்கிறாள், வேலைக்காரர் முதலாளியை எப்போ 'சிஸ்' என்கிறார் என்பதிலேயே பாதி நாடகம் நடந்துடும். ஆங்கிலத்தில் ரெண்டும் 'யூ'. ஆங்கில வாசகருக்கு அது பெரிய இழப்பாத் தெரியாது, அவங்க மொழியில அந்தப் பிரிவே இல்லை.

தமிழ் மொழிபெயர்ப்பாளர் நிலைமையை யோசிங்க. அவர் கையில் இருக்கிறது 'யூ'. தமிழில் எழுதணும்னா நீயா, நீங்களா என்று முடிவு பண்ணியே ஆகணும். மூலத்தில் ஆசிரியர் தெளிவா எழுதி வைத்த ஒரு விஷயத்தை, நடுவுல ஒரு மொழி அழிச்சதால, இவர் சூழலைப் பார்த்து ஊகிக்கிறார். பூட்டும் இருக்கு, சாவியும் இருந்தது, சாவி நடுக்கடல்ல விழுந்துடுச்சு.

உறவுமுறை இன்னும் சுவாரசியம். துருக்கியில் 'அம்ஜா' அப்பாவின் சகோதரர், 'தாயி' அம்மாவின் சகோதரர். 'ஹாலா' அப்பாவின் சகோதரி, 'தேய்ஸெ' அம்மாவின் சகோதரி. ஆங்கிலத்துக்குப் போனா ரெண்டு அங்கிள், ரெண்டு ஆன்ட்டி. தமிழ்ல அது சித்தப்பா, மாமா, அத்தை, சித்தி என்று மறுபடியும் பிரியணும். பிள்ளைங்க எல்லாரும் ஆங்கிலத்தில் கசின். நம்ம ஊர்ல ஒரு பையன் கசினைக் காதலிக்கிறான்னு கேட்டா, அடுத்த கேள்வி என்ன? 'எந்தக் கசின்?' அத்தைப் பொண்ணுன்னா முறைப்பொண்ணு, கல்யாணப் பேச்சு. சித்திப் பொண்ணுன்னா தங்கச்சி, வீட்ல பூகம்பம். அவங்க கல்யாண முறை நம்ம முறை இல்லை, இந்தத் தடை அங்கே கிடையாது. ஆனா யார் யாருக்கு எந்த வழியில் சொந்தம்னு மூலத்தில் ஒரே சொல்லில் சொல்லியிருக்கிறதை, நம்மால் அதே மாதிரி ஒரே சொல்லில் சொல்ல முடியும். 'என் பெயர் சிவப்பு' நாவலின் முக்கியமான பெரியவரை 'எனிஷ்தே' என்றே கோக்னர் ஆங்கிலத்திலும் விட்டுவிட்டார். அத்தை அல்லது சித்தியின் கணவர், அக்காள் புருஷர், எல்லாத்துக்கும் அதுதான் சொல். அதுக்கு ஆங்கிலத்தில் நல்ல சொல் இல்லை.

வந்தானா, வந்தானாம்மா?

இப்போ எனக்கு ரொம்பப் பிடிச்ச விஷயம். கடற்கரை டீக்கடையில் ஒருத்தர் சொல்றார்: 'நேத்து ராத்திரி ஒரு போட் கவுந்துடுச்சு.' இன்னொருத்தர் சொல்றார்: 'நேத்து ராத்திரி ஒரு போட் கவுந்துடுச்சாம்.' வித்தியாசம் ஒரே ஒரு 'ஆம்'. ஆனா வீட்ல ஒரு ஆள் கடலுக்குப் போயிருந்தா, அந்த ஒரு எழுத்தைத்தான் பிடிச்சுக்குவோம். கவுந்துடுச்சுன்னா பார்த்தவர் சொல்றார். கவுந்துடுச்சாம்னா கேள்விப்பட்டது, இன்னும் நம்பிக்கை இருக்கு.

துருக்கியில் இது இலக்கணமாகவே இருக்கு. 'கெல்தி' என்றால் வந்தான், எனக்குத் தெரியும். 'கெல்மிஷ்' என்றால் வந்தானாம், அல்லது வந்திருக்கான் போல. அவங்க பாட்டி கதைகள் இந்த 'மிஷ்' விகுதியிலேயே ஓடும், நம்ம பாட்டி 'ஒரு ஊர்ல ஒரு ராஜா இருந்தாராம்' என்று தொடங்குற மாதிரியே.

ஆங்கில வினைச்சொல்லில் இந்த வேலைக்கு விகுதி கிடையாது. 'அப்பேரன்ட்லி', 'இட் சீம்ஸ்' என்று தனியாச் சேர்க்கணும். ஒவ்வொரு வரியிலும் சேர்த்தா படிக்கவே முடியாது, அதனால ஆங்கில மொழிபெயர்ப்பாளர் பெரும்பாலும் விட்டுவிடுவார். அது அவர் தப்பில்லை. ஆனா 'என் பெயர் சிவப்பு' எதைப் பத்தின நாவல்? 1591-ல் இஸ்தான்புல்லில் ஒரு நுண்ணோவியர் கொலை. பிணம், கொலைகாரன், நாய், மரம், நாணயம், சிவப்பு நிறம்னு ஆளாளுக்குத் தன் பக்கத்தைத் தானே சொல்ற கதை. யார் கண்ணால் பார்த்தது, யார் காதால் கேட்டது என்பதுதானே ஒரு கொலை வழக்கின் உயிர்?

வாக்கிய அமைப்பும் அப்படித்தான். துருக்கியில் வினை கடைசியில் வரும், நம்ம மாதிரியே. சொல்லோடு விகுதிகளை ஒன்னன்பின் ஒன்னா ஒட்டிக்கிட்டே போகலாம். 'எவ்' என்றால் வீடு. 'எவ்லெரிமிஸ்தென்' என்றால் எங்கள் வீடுகளிலிருந்து. 'கறுப்புப் புத்தக'த்தின் பின்னுரையில் ஃப்ரீலி இந்த நீண்ட, வினை கடைசியில் வரும் வாக்கியங்களோடு தான் பட்ட பாட்டைப் பேசுகிறார். அவர் அதைக் கழட்டி ஆங்கிலமா மாட்டினார். தமிழ் மொழிபெயர்ப்பாளர் அந்த ஆங்கிலத்தை மறுபடி கழட்டி, மூலம் நின்ன திசைக்கே திருப்பி மாட்டுறார்.

இந்த ஒற்றுமையைப் பார்த்து ஒரு பெரிய மனுஷன் தடம் மாறினதும் உண்டு. 1856-ல் திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தை எழுதிய ராபர்ட் கால்டுவெல், திராவிட மொழிகளைச் 'சித்தியன்' என்ற பெருங்குடும்பத்தோடு இணைக்கப் பார்த்தார். துருக்கியும் ஃபின்னிஷும் அதில் அடக்கம். இன்றைய மொழியியலாளர்கள் அதை ஏற்பதில்லை. ரத்த சொந்தம் இல்லை, ஆனா உக்கார்ற விதம், நடக்கிற விதம் ஒன்னு.

கூழும் போஸாவும்

எல்லாமே நமக்குச் சாதகம்னு நினைச்சுடாதீங்க. துருக்கியில் 'ஓ' என்ற ஒரே சொல் அவன், அவள், அது மூன்றுக்கும். காதல் கவிதையில் காதலிக்கப்படுபவர் ஆணா பெண்ணா என்பதைச் சொல்லாமலே விடலாம். ஆங்கிலத்திலும் தமிழிலும் அது சிக்கல். நமக்கு 'அவர்' இருக்கு, ஆனா அது மரியாதையையும் கூடவே இழுத்துட்டு வரும்.

அப்புறம் பனி. துருக்கியில் பனிக்குப் பேர் 'கார்'. ஊர் பேர் கார்ஸ். நாயகன் பேர் கா. மூணும் ஒன்னுக்குள்ள ஒன்னு. ஆங்கிலத்தில் தலைப்பு 'ஸ்னோ' ஆனதும் அந்த விளையாட்டு போச்சு. தமிழில் வேற பிரச்சினை: மார்கழி விடிகாலையில் எண்ணூர் ஹைரோட்டை மூடுறதும் பனிதான், கார்ஸ் நகரத்துக்குப் போற எல்லா ரோட்டையும் அடைக்கிறதும் பனிதான். நம்ம பனியில் மப்ளர் கட்டுவோம், அந்தப் பனியில் ஊரே உலகத்திலிருந்து துண்டாகும். அடுத்தடுத்த பக்கங்களில்தான் வாசகர் அந்தச் சொல்லைப் பெருசாக்கிக்கணும்.

பாமுக்கின் இன்னொரு நாவலில், 2015-ல் எகின் ஒக்லாப் ஆங்கிலமாக்கியதில், நாயகன் மெவ்லுத் ராத்திரி தெருத்தெருவாக போஸா விற்பவன். போஸா என்பது தானியத்தைப் புளிக்கவைத்துச் செய்யும் கெட்டியான பானம், மேலே வறுத்த கடலை போட்டுச் சாப்பிடுவாங்க. ஆங்கில வாசகருக்கு அதை விளக்கணும். ஆடி மாசம் கேழ்வரகுக் கூழ் குடிச்ச நமக்கு அந்தப் புளிப்பு நாக்கிலேயே இருக்கு. கிராமத்திலிருந்து வந்து, புறம்போக்கில் ஒரே ராத்திரியில் வீடு எழுப்பிக் குடியேறுறதும் அந்தக் கதையில் இருக்கு. அந்த வீடுகளுக்கு 'கெஜெகொந்து' என்று பேர், ராத்திரியோட ராத்திரியா வந்து உக்காந்தது என்று அர்த்தம். மில்லும் பாக்டரியும் ஆள் கூப்பிட்டப்போ வடசென்னை எப்படி நிறைஞ்சதுன்னு தெரிஞ்சவங்களுக்கு இதுக்கு அடிக்குறிப்பு வேண்டாம்.

அதுக்காக போஸாவைக் கூழ்னே மொழிபெயர்த்துடலாமா? கூடாது. அப்படிச் செஞ்சா இஸ்தான்புல் மறைஞ்சு திருவொற்றியூர்தான் மிஞ்சும். போஸா போஸாவாகவே இருக்கட்டும், நாக்கு தானா கண்டுபிடிச்சுக்கும். 'இஸ்தான்புல்' புத்தகத்தில் அந்த ஊரின் கூட்டுச் சோகத்தைக் குறிக்கும் 'ஹூஸுன்' என்ற சொல்லை ஃப்ரீலி மாத்தாம விட்டதும் இதனால்தான்.

ஆனா கஜானா விஷயத்தில் நான் வேற கட்சி. உஸ்மானிய அரண்மனையின் கஜானா ஆங்கிலத்தில் 'ட்ரெஷரி' ஆகும். அதை நல்ல தமிழில் எழுதணும்னு நினைச்சா கருவூலம் ஆகும். கருவூலம் நல்ல சொல்தான். ஆனா மூலத்தில் இருக்கிற 'ஹஸினெ'வும் நம்ம கஜானாவும் ஒரே சொல். கையில் இருக்கிற சொந்தக்காரனை விட்டுட்டு ஏன் சுத்திப் போகணும்?

திருவொற்றியூரில் ஒரு இலக்கண மண்டபம்

இந்த விவாதத்துக்கு எங்க ஊரும் புதுசில்லை. திருவொற்றியூர் தியாகராஜர் கோயில் கல்வெட்டுகளில் 'வியாகரண தான மண்டபம்' என்று ஒரு இடம் வருது. சோழர் காலத்தில் பாணினியின் சமஸ்கிருத இலக்கணம் அங்கே கற்பிக்கப்பட்டது. சிவன் பாணினிக்கு இலக்கணம் சொல்லிக்கொடுத்த இடம் அது என்பது நம்பிக்கை.

அதே கோயிலில் வட்டப்பாறை அம்மன் சன்னதி இருக்கு. கம்பர் இந்த ஊரில் தங்கி ராத்திரியெல்லாம் ராமாயணம் எழுதினார், அந்த அம்மனே பந்தம் பிடிச்சா என்பது ஊர்க்கதை. இது வரலாறு இல்லை, கர்ண பரம்பரை. ஆனா எனக்கு இந்தக் கதை பிடிக்கும், ஒரு காரணத்துக்காக. வால்மீகியைத் தமிழுக்குக் கொண்டுவந்த ஆளுக்கு, ராத்திரி வேலை பார்க்க வெளிச்சம் வேணும்னு இந்த ஊர் நினைச்சிருக்கு. யாரோ பக்கத்துல நின்னு பிடிக்கணும்னு நினைச்சிருக்கு.

இன்னைக்கு யார் பிடிக்கிறாங்க? துருக்கி அரசு 2005-ல் 'தெதா' என்ற திட்டத்தைத் தொடங்கி, தங்கள் இலக்கியத்தை மொழிபெயர்க்கும் வெளிநாட்டுப் பதிப்பகங்களுக்கு நிதி கொடுக்குது. தமிழ்நாடு அரசு 2023-ல் சென்னை பன்னாட்டுப் புத்தகக் காட்சியைத் தொடங்கி, தமிழ் நூல்கள் வெளிமொழிக்குப் போக மானியம் தருது. 2003-ல் 'என் பெயர் சிவப்பு' டப்ளின் இலக்கியப் பரிசை வென்றபோது, ஒரு லட்சம் யூரோவில் 25,000 மொழிபெயர்ப்பாளர் கோக்னருக்குப் போனது. அந்தப் பரிசின் விதியே அப்படி. இது சரியான கணக்குன்னு நான் நினைக்கிறேன்.

இன்னும் ஒன்னு பாக்கி: துருக்கியை நேரடியாத் தமிழுக்குக் கொண்டுவர்ற ஆட்கள். கேட்டுட்டு இருக்கிறவங்கள்ல சிலர் துருக்கி சீரியல் பார்த்தே அந்த மொழியில் நாலு வார்த்தை கத்துக்கிட்டிருப்பீங்க. உங்களுக்கு ஒரு தகவல்: ஆங்கிலம் பேசுறவங்களுக்குத் துருக்கியில் பெரிய தலைவலியா இருக்கிற விகுதியும், கடைசியில் வர்ற வினையும், நீ-நீங்கள் வித்தியாசமும் உங்களுக்குத் தாய்ப்பாலோடு வந்தது. கொஞ்சம் முயற்சி பண்ணா நீங்க வேகமாப் போவீங்க.

அதுவரைக்கும், அடுத்த முறை ஒரு துருக்கி நாவலை ஆங்கிலத்திலோ தமிழிலோ எடுக்கும்போது, அட்டையில் மொழிபெயர்ப்பாளர் பேரைத் தேடுங்க. 'யூ' வர்ற இடத்துல நிறுத்தி, இங்கே நீயா நீங்களா என்று கேளுங்க. ஒரு ஆள் கொலையைப் பத்திப் பேசும்போது, செத்தானா, செத்தானாமா என்று கேளுங்க. பதில் எப்பவும் கிடைக்காது. ஆனா ஆங்கிலத்துக்கு அடியில் இன்னொரு மொழி மூச்சு விடுறது கேக்கும்.

அடுத்த எபிசோடில் சந்திப்போம். உங்க ஏரியாவுல புழங்குற, எங்கிருந்து வந்ததுன்னு தெரியாத சொல் ஏதாவது இருந்தா அனுப்புங்க. தேடிப் பார்ப்போம்.